நுஸ்ரத் வீட்டு ஓவன் மெட்ராசுக்குப் போகாது

காயல்பட்டினத்தில் போய் நுஸ்ரத் வீடு எது என்று கேட்டுப் பாருங்கள், எந்த நுஸ்ரத் என்று திருப்பிக் கேட்பார்கள். அந்த ஊரில் தெருவுக்கு நாலு நுஸ்ரத் இருக்கிறார்கள். தம்மடை நுஸ்ரத் என்று சொல்லிவிட்டால் போதும், கேட்டவரைக் கூட்டிக்கொண்டு வந்து வாசலில் விட்டுவிட்டுத்தான் மறுவேலை பார்ப்பார்கள். போகிற சாக்கில் தங்களுக்கும் ஒரு துண்டு கிடைக்கும் என்ற நப்பாசைதான், வேறென்ன.

தம்மடை தெரியாதவர்களுக்குச் சொல்லிவிடுகிறேன். ரவை, முட்டை, சீனி, நெய், தேங்காய்ப்பால் எல்லாம் சேர்த்துக் கலக்கி, சட்டிக்கு அடியிலும் மூடிக்கு மேலும் தணல் போட்டுத் தம்மில் வேகவைக்கிற பலகாரம். அசந்தால் அடி கருகும், பயந்தால் நடு வேகாது. நுஸ்ரத்துக்கு அந்தப் பக்குவம் மூக்கில் இருந்தது. முன்கட்டில் உட்கார்ந்து அக்கம்பக்கத்தாரோடு சண்டை பிடித்துக்கொண்டிருப்பாள், திடீரென்று பாதி வார்த்தையில் எழுந்து ஓடி மூடியைத் திறப்பாள், தம்மடை பொன்னிறமாக எழும்பி நிற்கும். திரும்பி வந்து விட்ட இடத்திலிருந்து சண்டையைத் தொடர்வாள். அவள் வாயும் தணல்தான். ஆனால் ஊரே சொல்லும், நுஸ்ரத் வாய்க்குப் பயந்தாலும் நுஸ்ரத் கைக்கு முத்தம் கொடுக்கலாம் என்று.

இந்த ஊர் வழக்கம் ஒன்றையும் இங்கேயே சொல்லிவிட வேண்டும், இல்லாவிட்டால் பின்னால் நடந்த கூத்து விளங்காது. மற்ற ஊர்களில் பெண் கல்யாணம் முடிந்து கண்ணைக் கசக்கிக்கொண்டு மாமியார் வீட்டுக்குப் போவாள். காயல்பட்டினத்தில் பெண் எங்கேயும் போவதில்லை. வீடு பெண்ணுக்கு. பெட்டியைத் தூக்கிக்கொண்டு வருகிறவர் மாப்பிள்ளைதான். நுஸ்ரத் பிறந்த வீடு அவளுடைய உம்மா சம்சுன்னிசா பிறந்த வீடு. அந்த வீட்டுக்கு மாப்பிள்ளையாக வந்தவர் இல்யாஸ். தங்கமான மனுஷர், குரலே வெளியில் வராது. மெட்ராஸ் மண்ணடியில் ஒரு மொத்த வியாபாரக் கடையில் வேலை. நம்மூர் ஆண்கள் தங்குகிற மேன்ஷன் ஒன்றில் ஒரு கட்டில் அவருக்கு உண்டு. பெருநாளுக்கும் லீவுக்கும் செந்தூர் எக்ஸ்பிரஸில் வந்து இறங்குவார். இத்தனை வருஷம் ஆகியும் போனில் பேசும்போது "உன் வீட்டுல எல்லாரும் சுகமா?" என்றுதான் கேட்பார். நுஸ்ரத்துக்கு அது சுருக்கென்று தைக்கும். ஆனால் மாப்பிள்ளைக் கூச்சம் என்று விட்டுவிடுவாள்.

ஓவனை வாங்கியதும் இல்யாஸ்தான். கல்யாணத்துக்குக் கல்யாணம் தம்மடைக்கு ஆள் தேடி வந்துகொண்டே இருந்தார்கள், நுஸ்ரத் தணலும் கையுமாக வெந்துகொண்டிருந்தாள். பொண்டாட்டிக்குப் புகையில் கண் எரிகிறதே என்று மெட்ராஸ் கம்பெனி ஒன்றில் பெரிய மின்சார ஓவனாகப் பார்த்து, நுஸ்ரத் பேரிலேயே, தன் மேன்ஷன் முகவரிக்குப் பில் போட்டு, சொல்லாமல் கொள்ளாமல் லாரியில் ஏற்றி அனுப்பிவிட்டார். வந்து இறங்கியதைப் பார்த்ததும் நுஸ்ரத்துக்குத் தலைகால் புரியவில்லை. வாசல் வழியே நுழையவில்லை அந்தப் பூதம். கடைசியில் வீட்டுக்குப் பின்னால் பெண்கள் போக வர இருக்கும் முடுக்குப் பக்கமாகச் சுவரை இடித்து, ஆறு பேர் சேர்ந்து தள்ளி, அடுப்படியை ஒட்டிய அறையில் நிறுத்தி, மறுபடி சுவரை எழுப்பினார்கள். அந்தப் புதுச் சுவரோரம் கட்டிலைப் போட்டுக்கொண்டார் சம்சுன்னிசா. பக்கவாதம் வந்து ஒரு பக்கம் விழுந்த உடம்பு, மகள் வேலை செய்வதைப் பார்த்துக்கொண்டே படுத்திருக்கலாம் என்று ஆசை.

ஓவன் முதல் நாளே தன் குணத்தைக் காட்டிவிட்டது. இடது பக்கம் வைத்தது கரி, வலது பக்கம் வைத்தது பச்சை மாவு. நுஸ்ரத் விடுவாளா? பாதி வேக்காட்டில் தட்டைத் திருப்பித் திருப்பி வைத்து ஒருமாதிரி சமாளித்துக்கொண்டிருந்தாள். கம்பெனிக்குப் போன் போட்டால், மெக்கானிக் வருவான் என்றார்கள். வந்தான், வெளியே துடைத்துவிட்டுப் போனான்.

அப்புறம்தான் ஹாமிது ஹாஜியார் வீட்டுக் கல்யாணம். பெரிய இடம். சஹன் என்கிற பெரிய தாம்பாளத்தைச் சுற்றி உட்கார்ந்து சாப்பிட்டு எழும் விருந்தாளிகளுக்கெல்லாம் தம்மடை கொடுப்பதாக ஏற்பாடு. ஓவன் நிறையத் தட்டுகளை அடுக்கியதில் திருப்பி வைக்க இடமே இல்லை. கதவைத் திறந்தபோது கருகின வாசனை முடுக்கு முழுக்க அடித்தது. நுஸ்ரத் அப்படியே தரையில் உட்கார்ந்துவிட்டாள். அன்றைக்கு விருந்தாளிகளுக்குக் கடை அல்வா கொடுத்தார்கள். மெஷின் வந்தது, கை போயிற்று என்று ஊரில் பேச்சு. வாய்க்குப் பயந்து எதிரே சொல்லவில்லை, முதுகுக்குப் பின்னால் சொன்னார்கள். அவளுக்குத் தெரியாதா? முடுக்கில் பேசுவது சுவர் தாண்டிக் கேட்கும்.

கம்பெனி மேனேஜரைப் போனில் பிடித்தாள். ஓவன் ஒரு பக்கமாக வேகவைக்கிறது என்றாள். அந்த மனுஷன் சிரித்துக்கொண்டே சொன்னதுதான் எல்லாவற்றுக்கும் காரணம்.

"ஆடத் தெரியாதவங்க கூடம் கோணல்னுதான் சொல்வாங்க மேடம்."

நுஸ்ரத் போனை வைத்துவிட்டுப் போய் உம்மா கட்டிலில் உட்கார்ந்து அழுதாள். ஓவன் மாற்றித் தர வேண்டும் என்றுகூட அன்றைக்கு அவள் நினைக்கவில்லை. கூடம் கோணல்தான், என் கால் கோணல் இல்லை என்று யாராவது நாலு பேர் முன்னால் சொல்ல வேண்டும். அது ஒன்றுதான் அவளுக்கு வேண்டியிருந்தது. அதுவரை தம்மடைக்கு அடுப்புப் பற்றவைக்க மாட்டேன் என்று சொல்லிவிட்டாள். சொன்னால் சொன்னதுதான், பழைய சட்டியைக்கூடத் தொடவில்லை.

பொண்டாட்டி அழுதாள் என்று கேட்டதும் இல்யாசுக்கு எங்கிருந்தோ வீரம் வந்தது. மண்ணடியில் தெரிந்த ஒரு குமாஸ்தாவைப் பிடித்து, சென்னை நுகர்வோர் ஆணையத்தில் நுஸ்ரத் பேரில் புகார் எழுதிவிட்டார். நோட்டீஸ் வந்தால் வாங்க ஆள் வேண்டுமே என்று நுஸ்ரத்தின் முகவரியாகத் தன் மேன்ஷன் கதவு எண்ணைப் போட்டார். ஊருக்கு வந்தவர் ஒருவர் கையில் தாளைக் கொடுத்தனுப்பினார். நுஸ்ரத் பிள்ளைகளுக்கு முட்டை அடித்துக்கொண்டிருந்த கையோடு வாசித்தும் பார்க்காமல் கையெழுத்துப் போட்டுத் திருப்பியனுப்பினாள். ரெண்டு பேருக்கும் ஒன்றும் தோன்றவில்லை. காயல்பட்டினத்துக்காரர்களுக்குத் தோன்றாது. பெண் எங்கே இருப்பாள், அவள் வீட்டில்தான் இருப்பாள், இதைப் போய் யாராவது சந்தேகப்படுவார்களா?

கம்பெனி ஆணையத்துக்கு வந்து பதில் சொன்னது. ஓவனில் கோளாறு இல்லை, இயக்குபவருக்கு அனுபவம் போதாது. சந்தேகம் இருந்தால் ஓவனைச் சென்னைக்குக் கொண்டுவாருங்கள், பரிசோதனைக் கூடத்தில் பார்த்துவிடலாம். கேட்க நியாயமாகத்தான் இருந்தது. ஆனால் சுவரை மறுபடி இடிக்க வேண்டும், உம்மாவின் கட்டிலைத் தூக்கி எங்கே போடுவது? அப்படியே இடித்து லாரியில் ஏற்றினாலும், போகிற வழியில் குலுங்கியதில்தான் கெட்டது என்று கம்பெனி சொல்லாதா? ஆறுமுகநேரி எலக்ட்ரீஷியன் பேச்சிமுத்து அண்ணாச்சி, நான் திறந்து பார்த்துவிடுகிறேனே என்று ஸ்க்ரூடிரைவரோடு வந்து நின்றார். கேஸில் இருக்கும் பொருளில் கை வைத்தால் கேஸே போய்விடும் என்று குமாஸ்தா போனில் அலறினார். அண்ணாச்சி ஓவனை ஏக்கமாகப் பார்த்துவிட்டு டீ குடித்துவிட்டுப் போனார். கேஸை வாபஸ் வாங்கிவிடலாம் என்று இல்யாஸ் மெல்லச் சொன்னார். நுஸ்ரத் போனில் ஒன்றும் பேசவில்லை. அவள் பேசாமல் இருந்ததுதான் இல்யாசைப் பயமுறுத்தியது.

இந்த நேரத்தில்தான் டெல்பின் வந்தாள். தூத்துக்குடிக்காரி, கடற்கரைக் குடும்பம். அண்ணன் மகள் கோயிலில் முதல்முறை நற்கருணை வாங்குகிற புதுநன்மை விருந்து, அதற்குத் தம்மடை சொல்ல ஸ்கூட்டரில் காயல்பட்டினம் வரைக்கும் வந்திருந்தாள். முடியாது என்று நுஸ்ரத் கதவைச் சாத்தப் போனாள். ஏன் முடியாது என்று டெல்பின் காலை நிலைப்படியில் வைத்துக்கொண்டு கேட்டாள். நுஸ்ரத் சொல்ல ஆரம்பித்தாள். டெல்பின் நின்றுகொண்டு கேட்டாள், உட்கார்ந்து கேட்டாள், கடைசியில் ஹெல்மெட்டைத் தரையில் வைத்துவிட்டு, தான் வக்கீல் என்று சொன்னாள். நுகர்வோர் கேஸ் நடத்துகிற வக்கீல் என்றும் சொன்னாள்.

சம்சுன்னிசா கட்டிலில் படுத்தபடி, அல்லாஹ் கொண்டுவந்து விட்டிருக்கிறான் என்று குழறிய நாக்கோடு சொன்னார். டெல்பின், மாதாவும் கூட வந்திருப்பாள் என்று சொல்லிவிட்டு ஓவனைச் சுற்றிவந்து, புதுச் சுவரைத் தட்டிப் பார்த்தாள். அவளுக்குக் கண் மின்னியது. இந்தக் கேஸ் மெட்ராசில் இருக்க வேண்டிய அவசியமே இல்லை என்றாள். புதுச் சட்டத்தில் புகார் கொடுக்கிறவர் குடியிருக்கிற மாவட்டத்திலேயே கேஸ் போடலாமாம். தப்பான இடத்தில் நிற்கும் கேஸை ஒரு மாவட்ட ஆணையத்திலிருந்து இன்னொரு மாவட்டத்துக்கு மாற்ற மாநில ஆணையத்துக்கு அதிகாரம் உண்டாம். தூத்துக்குடிக்கு வந்துவிட்டால், ஓவன் இருக்கிற இடத்துக்கே ஆளை அனுப்பிப் பார்க்கச் சொல்லிக் கேட்கலாம்.

மாற்றினால் முதலில் இருந்து ஆரம்பிக்க வேண்டுமா என்று நுஸ்ரத் பயந்தாள்.

"வேண்டாங்கா. வள்ளம் அதே வள்ளம்தான், உள்ள கிடக்க மீனும் அதே மீன்தான். கரை மட்டும்தான் வேற. அங்கன இறக்குறதுக்குப் பதிலா இங்கன இறக்குதோம்."

நுஸ்ரத் டெல்பின் கையைப் பிடித்துக்கொண்டாள். அன்றைக்கு ராத்திரி இல்யாசுக்குப் போன் போட்டு மூச்சுவிடாமல் பேசினாள். திரும்பவும் பொண்டாட்டி திட்டுகிறாள் என்பதில் அந்த மனுஷருக்கு எவ்வளவு சந்தோஷம், சொல்லி முடியாது.

மனு போட்டாயிற்று. மாநில ஆணையம் வீடியோவிலேயே விசாரிக்க ஒப்புக்கொண்டது. அன்றைக்குக் காலையில் நுஸ்ரத் வீடு பெருநாள் வீடு மாதிரி இருந்தது. ஓவனும் சுவரும் தெரிகிற மாதிரி மாவு பிசைகிற மேஜைமேல் டெல்பின் லேப்டாப்பை வைத்தாள். முடுக்குப் பக்கக் கதவுக்கு வெளியே அக்கம்பக்கத்துப் பெண்கள் முக்காடும் கிசுகிசுப்புமாக நெருக்கிக்கொண்டு நின்றார்கள். முதுகுக்குப் பின்னால் பேசினவர்களும் அதில் இருந்தார்கள். வேடிக்கை என்றால் யாருக்குத்தான் ஆசை இல்லை? மண்ணடியிலிருந்து இல்யாசும் போனில் சேர்ந்துகொண்டார். அறைக்குள் சிக்னல் கிடைக்காமல் மேன்ஷன் மாடிப்படியில் வந்து உட்கார்ந்திருந்தார். திரையின் ஓரத்தில் சின்னப் பெட்டிக்குள் வியர்த்து வடிகிற முகமாகத் தெரிந்தார்.

டெல்பின் நுஸ்ரத்திடம் ஒன்றே ஒன்று சொல்லியிருந்தாள். கேட்டால் தவிர வாயைத் திறக்கக் கூடாது. தணலை மடியில் கட்டிக்கொண்டு சும்மா இரு என்றால் யார் இருப்பார்கள்? ஆனாலும் நுஸ்ரத் உதட்டைக் கடித்துக்கொண்டு உட்கார்ந்திருந்தாள்.

டெல்பின் அழகாகத்தான் ஆரம்பித்தாள். பக்கவாதத்தில் கிடக்கும் உம்மா, இடித்துக் கட்டிய சுவர், அசைக்க முடியாத ஓவன், ஒவ்வொன்றாகக் காட்டினாள். ஆணையத் தலைவர் கண்ணாடியை உயர்த்திப் பார்த்துத் தலையசைத்தார். முடுக்கில் யாரோ ஜெயித்தாச்சு என்றுகூடச் சொல்லிவிட்டார்கள்.

அப்போதுதான் கம்பெனி வக்கீல் தொண்டையைச் செருமினார். அவர் கையில் இருந்தது இல்யாஸ் எழுதின அந்தப் புகார். மனுதாரர் தன் வீடு மண்ணடியில் இருப்பதாகத் தானே கையெழுத்துப் போட்டுக் கொடுத்திருக்கிறார், பில்லிலும் அதே முகவரி, கணவர் இருப்பதும் அங்கேதான். கல்யாணமான பெண் கணவர் வீட்டில் வாழ்வதுதானே நம் வழக்கம்? ஊரில் இருப்பது தாய்வீடு, அம்மாவைப் பார்க்க வந்துபோகும் இடம். சென்னையில் குடியிருப்பவருக்குச் சென்னை ஆணையம்தான் என்று சொல்லிவிட்டு நிம்மதியாகச் சாய்ந்து உட்கார்ந்தார்.

நுஸ்ரத்தால் அதற்குமேல் முடியவில்லை.

"ஐயா, எங்க ஊர்ல பொண்ணு புருஷன் வீட்டுக்குப் போறதில்ல. அவங்கதான் எங்க வீட்டுக்கு வாராங்க. எங்க உம்மா பொறந்ததும் இந்த வீடுதான், நான் பொறந்ததும் இந்த வீடுதான். எனக்குத் தாய்வீடு, என் வீடுன்னு ரெண்டு கிடையாது."

டெல்பின் மேஜைக்கடியில் அவள் காலை மிதித்தாள். ஆனால் தலைவர் கோபிக்கவில்லை, ஆர்வமாகக் கேட்டுக்கொண்டார். கம்பெனி வக்கீல்தான் விடவில்லை. வழக்கம் எப்படியோ இருக்கட்டும், தாள் என்ன சொல்கிறது என்றார். தலைவரும் அதையே கேட்டார். காயல்பட்டினத்தில்தான் குடியிருக்கிறீர்கள் என்றால் மண்ணடி முகவரியை ஏன் கொடுத்தீர்கள் அம்மா?

முட்டைக் கையோடு வாசிக்காமல் கையெழுத்துப் போட்டேன் என்று எப்படிச் சொல்வது? டெல்பின் தாளைப் புரட்டினாள், தாளில் என்ன இருக்கிறது? இல்யாஸ் முகத்தைப் பார்க்கவே பாவமாக இருந்தது. நுஸ்ரத் அவரைத்தான் பார்த்தாள். அவர் தலையைக் குனிந்தார். குனிந்ததும் அதுவரை அவர் தலை மறைத்துக்கொண்டிருந்த சுவர் தெரிந்தது. சுவரில் ஒரு போர்டு.

நுஸ்ரத்துக்குச் சிரிப்பும் அழுகையும் ஒன்றாக வந்தது.

"ஐயா, எங்க மாப்பிள்ளை தலைக்கு மேல என்ன எழுதியிருக்குன்னு கொஞ்சம் வாசிக்கச் சொல்லுங்க."

இல்யாஸ் திடுக்கிட்டு நிமிர்ந்து பார்த்தார். தலைவர் வாசியுங்கள் என்றார். வெளியே வராத அந்தக் குரல் அன்றைக்கு வந்தது.

"பெண்களுக்கு அனுமதி இல்லை."

முடுக்கு வெடித்துச் சிரித்தது. டெல்பின் வாயைப் பொத்திக்கொண்டு மேஜையைத் தட்டினாள். தலைவர் மீசைக்குக் கீழே ஏதோ அசைந்தது, இருமி அடக்கிக்கொண்டார். போர்டு தொங்கும் கட்டிடமும் புகாரில் எழுதின கட்டிடமும் ஒன்றுதானா என்று கேட்டார். இல்யாஸ் தட்டுத்தடுமாறிப் படியிறங்கிப் போய் வாசலில் இருந்த கதவு எண்ணைப் போனில் காட்டினார். அதே எண். இப்படி ஒரு தப்பான முகவரியை ஆணையத்துக்கு எழுதலாமா என்று தலைவர் அவரை ஒரு பிடி பிடித்தார். இல்யாஸ் எல்லாவற்றுக்கும் தலையாட்டிவிட்டு மெதுவாகச் சொன்னார்.

"தப்பு என்னோடதுதான் ஐயா. நோட்டீஸ் வந்தா நான் வாங்கிக்கிடலாமேன்னு எழுதிட்டேன். எனக்கு இங்க ஒரு கட்டில்தான் ஐயா. என் வீடு காயல்பட்டினத்துல இருக்கு."

என் வீடு. நுஸ்ரத் அதைக் கேட்டாள். உம்மா கட்டிலில் கேட்டார். இத்தனை பேர் நடுவில், கம்பெனி வக்கீல் முன்னால், மாப்பிள்ளை முதல்முறையாகச் சொல்லிவிட்டார். நுஸ்ரத் முக்காட்டை இழுத்து முகத்தைத் துடைத்துக்கொண்டாள்.

தலைவர் உத்தரவு சொல்ல ஆரம்பித்தார். இந்த மனுவை என்று சொல்லிக்கொண்டிருக்கும்போதே அவர் வாய் திறந்தபடி திரையில் உறைந்து நின்றுவிட்டது. நெட் போய்விட்டது. அய்யோ, அந்த நேரத்தைக் கேட்காதீர்கள். டெல்பின் போனைத் தூக்கிக்கொண்டு மாடிக்கு ஓடினாள். நுஸ்ரத் பின்னால் ஓடினாள். முடுக்கில் நின்ற பெண்கள் எல்லாம் துஆ ஓத ஆரம்பித்தார்கள். மாடியில் டெல்பின் போனைக் கடல் பக்கம் நீட்டினாள், ஆறுமுகநேரி பக்கம் நீட்டினாள், ஒன்றும் அசையவில்லை. அதற்குள் நுஸ்ரத்தின் போன் அடித்தது. இல்யாஸ்தான். அவருக்கு நெட் போகவில்லை, முழுசாகக் கேட்டிருக்கிறார். ஆனால் சந்தோஷத்தில் அவருக்கு வார்த்தை வரவில்லை. அல்ஹம்துலில்லாஹ் என்றார், மறுபடியும் அல்ஹம்துலில்லாஹ் என்றார். மனுஷா, என்னன்னு சொல்லித் தொலையும் என்று நுஸ்ரத் போட்ட சத்தம் நாலு தெருவுக்குக் கேட்டது.

"தூத்துக்குடிக்கு மாத்தியாச்சு நுஸ்ரத். கேஸ் கட்டு முழுக்க அங்க அனுப்பச் சொல்லிட்டாங்க. ஓவன் அசையவேண்டாம்."

நுஸ்ரத்தும் டெல்பினும் மாடியில் கட்டிப்பிடித்துக்கொண்டு குதித்தார்கள். ஒருத்தி வக்கீல், ஒருத்தி ரெண்டு பிள்ளைக்குத் தாய், பார்க்கிறவர்கள் என்ன நினைப்பார்கள் என்று ஒருத்திக்கும் கவலை இல்லை. கீழே சம்சுன்னிசா கட்டிலில் கிடந்தபடி நல்ல கையை நீட்டிப் புதுச் சுவரைத் தடவிக்கொண்டிருந்தார்.

கரை மாறிய வள்ளம் அதற்கப்புறம் நிற்கவில்லை. தூத்துக்குடி ஆணையம் ஓவனைப் பார்க்க ஒரு நிபுணரை நியமித்தது. பாலிடெக்னிக்கில் வாத்தியார், ஜேசுபாதம் என்று பேர், பேச்சே கம்மி. அவர் வருகிற நாளில் கம்பெனி சார்பாக மெட்ராசிலிருந்து வந்து இறங்கினது யார் என்று நினைக்கிறீர்கள்? அதே மேனேஜர்தான். இல்யாசும் லீவு போட்டுவிட்டு வந்துவிட்டார். முடுக்கில் பழைய கூட்டம், கூடவே ஹாமிது ஹாஜியார் வீட்டுப் பெண்களும்.

வழக்கம்போல் செய்யுங்கள் என்று ஜேசுபாதம் சொன்னார். நுஸ்ரத் பிஸ்மி சொல்லி மாவைக் கலக்கினாள். தட்டை உள்ளே வைத்தாள். வெளியே எடுத்தால், இடப்பக்கம் கரி, வலப்பக்கம் பச்சை. மேனேஜர் எட்டிப் பார்த்துவிட்டு, மாவைச் சமமாகப் பரப்பவில்லை என்றார். நுஸ்ரத்துக்கு வாய் வரைக்கும் வந்துவிட்டது. இல்யாஸ் அவள் தோளில் கையை வைத்தார். நாலு பேர் முன்னால் அந்த மனுஷர் அப்படிச் செய்ததே இல்லை, அந்த அதிர்ச்சியில் அவள் திட்ட வந்ததையே மறந்துவிட்டாள்.

ஜேசுபாதம் பையிலிருந்து கடை ரொட்டிப் பாக்கெட் ஒன்றை எடுத்தார். ஒரே பாக்கெட், ஒரே கனம், எல்லாம் துண்டு போட்டது. தட்டில் இடமிருந்து வலமாக நெருக்கி அடுக்கும்படி மேனேஜரையே கேட்டுக்கொண்டார். இதில் மாவுமில்லை, கைப்பக்குவமும் இல்லை. மேனேஜர் அடுக்கினார், மேனேஜரே கதவைச் சாத்தினார். எல்லாரும் கண்ணாடி வழியே பார்த்துக்கொண்டு நின்றார்கள். இடக்கோடியில் இருந்த துண்டு சிவந்தது, பழுத்தது, கறுத்துப் புகைந்தது. வலக்கோடியில் இருந்தது கடையிலிருந்து வந்த வெள்ளையோடு அப்படியே கிடந்தது.

கரண்டை நிறுத்தி, சூடு தணிய விட்டு, எல்லார் முன்னாலும் பின்தகட்டைக் கழற்றினார் ஜேசுபாதம். டார்ச் அடித்துப் பார்த்துவிட்டு மேனேஜரைக் கூப்பிட்டுக் காட்டினார். இடப்பக்கம் பொருத்தியிருந்த சூடேற்றும் கம்பிச்சுருள் ஒரு வகை, வலப்பக்கம் இருந்தது வேறு வகை, பாதிச் சூடுகூடத் தராதது. கம்பெனியிலேயே ஜோடி மாற்றிப் பூட்டி அனுப்பியிருக்கிறார்கள். பொருத்தம் பார்க்காமல் முடித்துவைத்த கல்யாணம் என்று முடுக்கிலிருந்து ஒருத்தி சொன்னாள். ஜேசுபாதம் குனிந்து எழுதிக்கொண்டே, அம்மா, உங்கள் கையில் குற்றமில்லை என்றார். ஒரு சாதாரண விஷயம் போலத்தான் சொன்னார். ஆனால் ஹாஜியார் வீட்டுப் பெண்கள் வரைக்கும் அது கேட்டது.

நுஸ்ரத் அழவில்லை. உள்ளே போனாள். விடியற்காலையில் யாருக்கும் சொல்லாமல் பழைய சட்டியில், மேலும் கீழும் தணல் போட்டு ஒரு தம்மடை சுட்டு மூடி வைத்திருந்தாள். சபதம் எடுத்தவள் ஏன் சுட்டாள் என்று கேட்கிறீர்களா? ஜெயிப்போம் என்று அவளுக்கு மூக்கில் தெரிந்துவிட்டது, அவ்வளவுதான். அறுத்து எல்லாருக்கும் கொடுத்தாள். மேனேஜருக்கு முதல் துண்டு, பெரிய துண்டு. அவர் வேண்டாம் என்று சொல்லப் பார்த்தார், வாசனை விடவில்லை. தின்றார். இன்னொரு துண்டு தானாக அவர் தட்டில் விழுந்தது, அதையும் தின்றார்.

நுஸ்ரத் முக்காட்டைச் சரிசெய்துகொண்டு அவர் எதிரே வந்து நின்றாள்.

"கூடம் எப்படி இருக்கு சார்?"

அந்த மனுஷர் ஓவனைப் பார்த்தார், வாயில் இருந்ததை விழுங்கினார்.

"கோணல்தான் மேடம்."